குன்றும் வெறுங் கல்லே என்பார் கூற்று மறுப்பு

நிலவுலகிலுள்ள மலைத்தொடர்களையெல்லாம் பூகோள நூலார் அளந்து, அவை நிற்கும் இடமும் நீளமும் உயரமும் வகுத்துரைத்திருக்கின்றனர். ஆசியாக் கண்டத்தில் இமயம் ஏறத்தாழ 2,400 கிலோமீட்டர் நீளத்திற்கு வில்லைப்போல் வளைந்து கிடக்கின்றது. அதன் தலைமுடியாகிய எவரெஸ்ட் 8,849 மீட்டர் உயர்ந்தது. தென்னமெரிக்காவின் மேலைக்கரையை ஒட்டி ஆண்டீஸ் தொடர் ஏறத்தாழ 7,000 கிலோமீட்டர் ஓடுகின்றது. வடவமெரிக்காவில் ராக்கித் தொடரும், ஐரோப்பாவின் நடுவே ஆல்ப்ஸும், கருங்கடலுக்கும் காஸ்பியன் கடலுக்கும் இடையே காக்கசஸும், ஐரோப்பாவையும் ஆசியாவையும் பகுக்கும் யூரலும், ஆப்பிரிக்காவின் வடமேற்கில் அட்லஸும் நிற்கின்றன. பாரத தேசத்தின் மேலைக்கரையோரமாக 1,600 கிலோமீட்டர் நீண்ட மேற்குத் தொடர்ச்சி மலையும், அதன் உச்சியாகிய 2,695 மீட்டர் உயர்ந்த ஆனைமுடியும் உள்ளன. இவ்வட்டவணையைப் பள்ளிச் சிறாரும் நெட்டுருச் செய்வர்.

இவ்வட்டவணையிற் புதுக்கோட்டை நாட்டுக் குன்றுகளுக்கு இடமில்லை. காவிரிப் படுகைக்குத் தெற்கே, கீழ்கடலை நோக்கிச் சரியும் வறண்ட சமவெளியில், நார்த்தாமலை, குடுமியான்மலை, திருமயம், சித்தன்னவாசல், விராலிமலை, மலையடிப்பட்டி, குன்றாண்டார்கோயில், தேவர்மலை என ஆங்காங்குத் தனித்தனியே எழுந்து நிற்கும் பாறைக் குன்றுகள் அவை. எத்தொடரிலும் சேராதவை, உலகப் படத்தில் ஒரு புள்ளியாகவேனும் குறிக்கப்பெறாதவை. இது பூகோள நூலின் குற்றமன்று. அந்நூல் தான் அளக்கப் புகுந்ததையே அளந்தது.

ஆயின், இவ்வளவினின்றும் வேறொரு முடிபை வலிந்து பெறுவார் இக்காலத்து மிகுந்துள்ளனர். அவர் கூறுவன வருமாறு: “பெருமலைகள் வேறிடத்தன, இவை மேட்டுக் கற்கள். புனித மலையாகிய கயிலை வடக்கே திபெத்தில் உள்ளது. இங்கே புனிதமானது கோயிலேயன்றிக் குன்றன்று. மலை சடம் என்று சித்தாந்தமே கூறுதலின் அதனை உடைப்பதிற் குற்றமில்லை. முன்னோரும் கல்லுடைத்தன்றோ கோயில் எடுத்தனர்? ஆதலின் கோயிலைச் சுற்றிச் சிறிது இடம் விட்டு எஞ்சிய குன்றை ஜல்லியாகவும் பலகைக் கல்லாகவும் வெட்டி விற்றுக்கொள்வதில் இழுக்கில்லை.” இங்ஙனம் கூறுவார் புறச்சமயத்தாராயின் அவரோடு வழக்கிடும் முறை வேறு. திருநீறு தரித்துப் பஞ்சாக்கரம் ஓதுவாரிற் சிலரும் இவ்வாறு கூறி, அதனைச் சைவத்தின் பெயரானும் நாட்டப் புகுதலின், இக்கூற்று நான்கினையும் முறையே எடுத்து ஆராய்தல் சைவ நன்மக்கள் கடனாகின்றது.

முதலாவது, அளவு பற்றிய கூற்று. உயரமே மலையின் பெருமைக்கு அளவுகோலாயின், திருக்கயிலை என உலகம் வணங்கும் மலை 6,638 மீட்டரே உடையது. அதனினும் உயர்ந்த முடிகள் நூற்றுக்கு மேற்பட்டன ஆசியாவில் நிற்கின்றன. எவரெஸ்டின்மேல் ஆண்டுதோறும் நூற்றுக்கணக்கானோர் ஏறி இறங்குகின்றனர். கயிலையின் முடியில் மனிதர் எவரும் ஏறியதாகப் பதிவில்லை. உயரத்திற் குறைந்தது மதிப்பில் உயர்ந்து நிற்பது எதனால்? நீளமே அளவுகோல் எனின், உலகின் மிக நீண்ட மலைத்தொடர் கடலடியில் மறைந்து கிடப்பது. ஏறத்தாழ 65,000 கிலோமீட்டர் நீண்ட அதனை எவரும் வலஞ்செய்து வணங்கியதில்லை. பழமையே அளவுகோல் எனினோ, வழக்கு எதிரிகள் பக்கம் சாயாது. இந்திய நிலத்தட்டு வடக்கே ஆசிய நிலத்தட்டொடு மோதியதால் இமயம் எழத் தொடங்கியது ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகளுக்கு முன்னர் என்று நிலவியலார் கணிப்பர். புதுக்கோட்டைக் குன்றுகளின் பாறையோ 50 கோடி ஆண்டிற்குக் குறையாத பழமையது. இமயம் கடலடிச் சேறாகக் கிடந்த காலத்தே இப்பாறை இறுகி முடிந்திருந்தது. மேலே மூடியிருந்த மண்ணும் மெலிந்த பாறையும் கோடிக்கணக்கான ஆண்டுகளாக மழையாலும் காற்றாலும் கரைந்தொழிய, எவ்வாற்றானும் கரையாது நின்ற உறுதிப் பகுதியே இன்று குன்றாகத் தோன்றுகின்றது.

ஆயினும் பழமை பற்றியும் ஒரு மலை புனிதமாகிவிடாது. உயரமும் நீளமும் வயதும் பூகோள நூலின் அளவைகள். வழிபாட்டுக்கு உரிமை தரும் அளவை வேறு. இவ்வேறுபாட்டை அறியாதார் இருசாரார் உளர். பூகோளத்தைக் காட்டிப் புனிதத்தை மறுப்பார் ஒருசாரார். புனிதத்தைக் காக்கப் புகுந்து பூகோளத்தை மறுப்பார் மற்றொரு சாரார். நார்த்தாமலைக் குன்றுகள் அனுமன் ஏந்திச் சென்ற சஞ்சீவி மலையினின்றும் சிதறிய துண்டுகள் என்பது அந்நாட்டார் வழங்குங் கதை. அக்கதையை நிலவியலாக நாட்ட முயலுதல் வேண்டாத வேலை. அது பொய்த்தவிடத்துக் குன்றின் மதிப்பும் உடன்பொய்த்ததாகப் பகைவர் ஆர்ப்பரிப்பர். சைவம் நிலவியலுக்கு அஞ்சவேண்டிய சமயமன்று. பிருதிவி முதலாய தத்துவங்களை எண்ணி வகுத்த சமயம் கல்லின் வயதைக் கேட்டு நடுங்காது.

ஆஸ்திரேலியாவின் நடுவே உலுரு என்றொரு தனிப்பாறை உள்ளது. சமவெளியினின்றும் 348 மீட்டரே உயர்ந்தது. எந்த மலைத்தொடரிலும் சேராதது. அந்நாட்டுப் பழங்குடியினராகிய அனங்கு மக்கள் அதனைத் தம் முன்னோர் திருவிடமாகப் போற்றுவர். அவர்தம் உரிமையை 1985-இல் அந்நாட்டரசு ஏற்றது. 2019 அக்டோபர் 26 முதல் அப்பாறையின்மேல் ஏறுதலும் தடுக்கப்பட்டது. தனிக்கல் என்பதனால் அதன் மதிப்புக் குறைந்ததாக அந்நாட்டார் எவரும் வழக்காடி வென்றிலர். ஆண்டு ஏறவும் கூடாதென்று விலக்கிய உலகில், ஈண்டு வெடிவைத்தலும் தகும் என்பது எவ்வளவு வெட்கத்திற்குரிய வேறுபாடு!

இனி இரண்டாவது கூற்று: “கயிலை வடக்கே உள்ளது, ஈண்டுப் புனிதமானது கோயில் மாத்திரமே.” இதனைச் சைவர் கூறுவது பெரிதும் வியப்பாகும். சேக்கிழார் பெருமான் தம் திருத்தொண்டர் புராணத்தைத் திருமலைச் சிறப்பிற் றொடங்கி, வெள்ளானைச் சருக்கத்தில் ஆளுடைய நம்பிகள் திருக்கயிலை சேர்ந்தமை கூறி முடித்தார். மலையிற் றொடங்கி மலையில் முடியும் அந்நூலின் இடையெல்லாம் தமிழ்நாட்டு ஊர்களே நிறைந்துள்ளன. இவ்வமைப்பின் கருத்தை அந்நூலுள் வரும் இரு வரலாறுகள் ஐயமறத் தெளிவிக்கும்.

அப்பர் பெருமான் கயிலைக் காட்சியை விரும்பி வடதிசை நோக்கி நெடுவழி நடந்தார். கால் தேய்ந்தபின் கையானும், அதுவும் தேய்ந்தபின் மார்பானும் சென்றார். அவரை இறைவன் கயிலைக்குள் அழைத்துக்கொண்டானா? இல்லை. அங்குள்ள தடாகத்தில் மூழ்குமாறு பணித்துத் திருவையாற்றுக் குளத்தில் எழுவித்து, ஆண்டே கயிலைக் காட்சியைக் காட்டினான். கயிலை வடக்கே மாத்திரம் உள்ளதென்பது சைவத் துணிபாயின் இந்நிகழ்ச்சிக்குப் பொருளே இல்லையாம். வடக்கே நிற்பது கயிலையன்றென்பது இதன் கருத்தன்று. அருள் விளங்குமிடத்து அதுவே கயிலை என்பது கருத்து.

மற்றைய வரலாறு புதுக்கோட்டை நாட்டுக்கே உரியது. பெருமிழலைக் குறும்ப நாயனார் நம்பியாரூரரை இடைவிடாது நினைந்து யோகநெறி நின்றவர். நம்பிகள் திருவஞ்சைக்களத்தினின்றும் மறுநாள் கயிலை செல்வார் என்பதைத் தம் யோகக் காட்சியால் அறிந்து, அவர் சென்றபின் பிரிந்து வாழ்தல் ஆற்றேன் என்று கருதி, முதல்நாளே யோகத்தால் உடலை விடுத்துச் சிவபெருமான் திருவடி சேர்ந்தார். அவர் வாழ்ந்த பெருமிழலை இந்நாட்டுத் தேவர்மலையே என வழங்கி வருகின்றது. ஆண்டும் சிவபெருமானுக்குப் பாறையிற் குடைந்த கோயில் உண்டு. யானைமீது சென்றவர்க்கும் குதிரைமீது சென்றவர்க்கும் முன்னே, இருந்தவிடத்தே இருந்து கயிலை அடைந்தவர் இக்குன்றினர். இத்தகைய நாட்டிற் பிறந்தோன் ஒருவன், “புனித மலை இங்கில்லை, வடக்கே உள்ளது” என்று கூறுவானாயின், அவன் தன் ஊர்ப் புராணத்தையும் படித்தறியாதவனே.

இனி, குன்று வேறு கோயில் வேறு என்னும் பிரிவு இந்நாட்டிற் பொருந்துமாறில்லை என்பதற்குக் கல்லே சான்று. மலையடிப்பட்டியிற் பல்லவ வேந்தன் தந்திவர்மனது 16-ஆம் ஆட்சியாண்டில் முத்தரையர் தலைவன் ஒருவன் குன்றைக் குடைந்து சிவபெருமானை எழுந்தருளுவித்தான் என்பது கல்வெட்டுச் செய்தி. நார்த்தாமலைப் பழியிலீசுவரத்தை முத்தரையர் குலத்துச் சாத்தன் பழியிலி நிருபதுங்கவர்மனது 7-ஆம் ஆண்டிற் குடைவித்தான். அதன் எதிரே பாறைமீது விசயாலய சோழீசுவரம் நிற்கின்றது. குன்றாண்டார்கோயில் என்னும் ஊரின் பெயரே குன்றை ஆண்டவனை முன்னிட்டது. இக்குடைவரைகள் பலவற்றில் கருவறையும் இலிங்கமும் தாய்ப்பாறையிற் செதுக்கப்பட்டவையே. வேறிடத்தினின்றும் கொணர்ந்து நாட்டப்பட்டவையல்ல.

குடுமியான்மலையை நோக்குக. அடிவாரத்தில் சிகாநாதசுவாமி திருக்கோயில். சரிவில் மேலைக்கோயில் என்னும் குடைவரை. அதன் பக்கத்துப் பாறைமுகத்தில் நமச்சிவாயத் திருப்பெயரை முன்வைத்துத் தொடங்கி ஏழு பகுதிகளாக இசையிலக்கணம் கூறும் பெருங் கல்வெட்டு. உருத்திராசாரியர் மாணாக்கனாகிய பரமமாகேசுவர வேந்தன் ஒருவன் ஆக்கியதென அதுவே கூறும். அதற்கும் மேலே, பாறையின்மீது விடையேறிய பெருமானும் அம்மையும் நடுவிருக்க அறுபத்துமூவர் திருவுருவங்கள். அடி முதல் முடிவரை இக்குன்றில் எவ்விடத்தில் கோயில் முடிந்து கல் தொடங்குகின்றது? சித்தன்னவாசற் குன்றிலோ, சுனையொன்றின் நீருக்குள்ளேயே பாறை குடைந்து சிவலிங்கம் அமைத்திருக்கின்றனர். நீர் நிறைந்தபோது கண்ணுக்குத் தோன்றாத அவ்விலிங்கத்திற்கு மதிலும் கோபுரமும் அக்குன்றே. அதே குன்றிற் சமண முனிவர் படுக்கைகளும் பழந்தமிழ்க் கல்லெழுத்தும் ஓவியமும் உள்ளன. மாற்றுச் சமயத்தாரும் குன்றைக் கெடுக்காது குன்றிடையே தவஞ்செய்தனர் என்பதற்கு அவை சான்று.

திருமயத்தில் ஒரே குன்றின் சரிவிற் சத்தியகிரீசுவரர்க்கும் சத்தியமூர்த்திப் பெருமாளுக்கும் குடைவரைகள் அடுத்தடுத்து உள்ளன. இரு கோயிலார்க்கும் நெடுங்காலம் நிகழ்ந்த வழக்கு 1245-இல் ஹொய்சள தண்டநாயகர் அப்பண்ணர் முன்னிலையில் தீர்க்கப்பட்டது. இருசமயத்தாரும் கோயிலுரிமைக்கு வழக்காடினர். வழக்காடிய காலத்தும் குன்றைத் தகர்க்க ஒருவரும் கருதிலர். சிவபெருமான் அடிமுடி தேடற்கரிய தழற்றூணாய் நின்ற இலிங்கோற்பவத் திருவுருவம் அக்குடைவரையின் சுவரிற் பேருருவாகச் செதுக்கப்பட்டுள்ளது. அத்தழலே குளிர்ந்து மலையாயிற்றென்று திருவண்ணாமலையைச் சைவ உலகம் வணங்குகின்றது. ஆண்டு ஏறத்தாழ 14 கிலோமீட்டர் நடந்து வலஞ்செய்வோர் வலம்வருவது கோயிலை மட்டுமா, மலையையா? கிரிவலம் என்னும் சொல்லே இரண்டாவது கூற்றுக்கு விடை.

மூன்றாவது கூற்றுச் சாத்திரத்தை முன்னிட்டது. ஆதலின் அதனை ஊன்றி நோக்கல் வேண்டும். “மலை மாயையின் காரியம், சடம். சடத்தை உடைத்தலிற் பாவம் யாது?” என்பது வினா. மலை மாயையின் காரியம் என்பது உண்மையே. ஆயின் மாயையினின்றும் இறைவன் தனு, கரணம், புவனம், போகம் என்னும் நான்கினையும் படைத்தளிப்பது எதன்பொருட்டு? ஆணவ இருளில் அழுந்திய உயிர்கள் உய்தற்பொருட்டு. அந்நான்கனுள் புவனம் என்பது மலையும் காடும் ஆறும் கடலும் அடங்கிய இவ்வுலகு. சடம் என்பதனால் அது பயனற்றது என்றோ, எவனொருவனும் தன் விருப்பிற்கு அழித்தற்குரியது என்றோ சித்தாந்தம் யாண்டும் கூறிற்றிலது. சடமாயதெல்லாம் அழித்தற்குரியதெனின், இக்கூற்றுடையார் தம் உடம்பும் சடமே. திருநீறும் சடம், உருத்திராக்கமும் சடம், கருவறை இலிங்கத் திருமேனியும் கல்லே. இவ்வாதம் குன்றோடு நில்லாது. கோயிலுக்குள்ளும் புகுந்து அனைத்தையும் இடித்துவிடும்.

இதனை உணர்ந்த நுண்ணியோர் சிலர் வேறோராற்றால் தப்ப முயல்வர். “இறைவன் எங்கும் பாலில் நெய்போல் மறைந்திருப்பன், திருக்கோயிலிலோ தயிரில் நெய்போல் விளங்கித் தோன்றுவன் என்பது சித்தாந்தம். ஆதலின் கோயில் தயிர், குன்று பால். தயிரைக் காத்துப் பாலை விற்றலாம்” என்பது அவர் சமாதானம். சிவஞானபோதத்துப் பன்னிரண்டாஞ் சூத்திரம் திருக்கோயிலை அரனெனவே கண்டு வழிபடப் பணித்தலும், அவ்வுவமை வழங்கி வருதலும் உண்மை. ஆனால் கல்லைக் கொணர்ந்து அடுக்கிய கோயிலுக்கு மதில் எல்லையாகலாம். தாய்ப்பாறையிற் குடைந்த கோயிலுக்கு எல்லை யாது? இலிங்கத் திருமேனியின் வேர் அக்குன்றின் வேர். ஒரே பாறை ஓரிடத்தில் இலிங்கமாகவும், ஓரிடத்தில் தூணாகவும், ஓரிடத்தில் விதானமாகவும், அப்பால் சரிவாகவும் நிற்கின்றது. ஒரே கலத்தில் உறைந்த தயிரின் ஒரு பக்கத்தைத் தயிர் என்றும் மறுபக்கத்தைப் பால் என்றும் கோடு கிழித்துக் கூறுவார் உளராயின் அவரே இவ்வாதத்தை ஏற்பார். வெடியின் அதிர்வு அக்கோட்டை அறியாது. அது பாறைவழியே பரந்து சென்று, தளத்திலும் தூணிலும் எழுத்திலும் விரிசலை உண்டாக்கும்.

“சட்டமே எல்லை வகுத்துள்ளதே” என்பார் உளர். பாதுகாக்கப்பட்ட தொன்மைச் சின்னங்களைச் சுற்றி 100 மீட்டர்வரை சுரங்கத் தொழிலும் கட்டடமும் தடுக்கப்பட்டும், அதற்கப்பால் 200 மீட்டர்வரை அனுமதி பெற்றாலன்றிச் செய்யலாகாதெனவும் மத்திய அரசு 1992-இல் அறிவிக்கை வெளியிட்டது. 2010-இல் நிறைவேறிய திருத்தச் சட்டம் இவ்வெல்லைகளை வலியுறுத்தியது. இச்சட்டம் போற்றற்குரியது, இதுவும் இல்லையாயின் பல சின்னங்கள் இன்று நில்லா. ஆயின் சட்டம் தண்டனை தொடங்குமிடத்தைக் காட்டுவது. அறம் முடியுமிடத்தைக் காட்டுவதன்று. தொல்லியல் துறையாற் குறிக்கப்பெறாத சுனையும், பெயர்க்கப்படாத கல்வெட்டும், பூசையற்ற குடைவரையும் அவ்வெல்லைக்குள் வாரா. நூற்றோராவது மீட்டரில் சிவபெருமான் நீங்கிவிடுகின்றான் என்று கூறும் ஆகமம் எங்கேனும் உளதா?

நான்காவது கூற்றே இவற்றுள் வலியுடையது; ஆதலின் அதற்கு நேரிய விடை வேண்டும். முன்னோர் கல்லுடைத்தனர் என்பது மறுக்கலாகாத உண்மை. 1010-இல் நிறைவெய்திய தஞ்சைப் பெருவுடையார் கோயில் நிற்கும் காவிரிப் படுகையிற் பாறை இல்லை. அக்கல்லெல்லாம் வெளியிலிருந்தே சென்றது. புதுக்கோட்டைப் பக்கத்தினின்றும் சென்றது என்று கருதும் ஆராய்ச்சியாளர் உளர். இன்றும் வீட்டுக்கும் பாலத்துக்கும் சாலைக்கும் கல் இன்றியமையாதது; கல்லுடைத்து வயிறு வளர்க்கும் ஏழை மக்களும் பலர். எனவே, கல்லே எடுத்தலாகாதென்பது ஈண்டுத் துணிபன்று. எக்கல்லை, எவ்விடத்தில், எவ்வளவு, எதற்கு என்பதே வினா.

முன்னோர் ஆப்படித்துப் பிளந்த வரிசைக் குழிகளை இந்நாட்டுப் பாறைகளில் இன்றும் காணலாம். அவ்வாறு எடுத்தபின்னரும் ஆயிரம் ஆண்டாகக் குன்று நிற்கின்றது. அவர் எடுத்த கல் கோயிலாகி அதுவும் ஆயிரம் ஆண்டாக நிற்கின்றது. இக்காலத்தார் எடுக்கும் முறையிலோ, வெடியும் இயந்திரமும் கூடிச் சில ஆண்டிற் குன்றையே இல்லையாக்கி, அவ்விடத்தில் ஆழ்ந்த பள்ளத்தை விட்டுச் செல்கின்றன. முன்னதைப் பின்னதற்குச் சான்றாகக் காட்டுவது, பசுவிற் பால் கறந்தாரைக் காட்டிப் பசுவைக் கொன்றார் தம்மை நியாயப்படுத்துவது போலும். மேலும், ஆறில்லாத இந்நாட்டுப் பகுதிகள் வானமழையை நம்பிக் கண்மாயும் ஊருணியும் வெட்டி வாழ்வன. பாறைச் சரிவில் வீழ்ந்த மழைநீர் ஓடி வந்து சேர்வது அக்குளங்களிலேயே. குன்று போயின் வரத்து நீர் போம். வரத்துப் போயின் வயல் போம். வயல் போனபின் கோயிலுக்கு நெல்லளப்பார் யார்? வயலின் மேற்பாறையை விடுத்து, கோயிலும் கல்வெட்டும் சுனையும் குளவரத்தும் இல்லாத இடத்தில், அளவறிந்து, உரிமம் பெற்று எடுப்பார்மேல் ஒரு குறையுமில்லை.

இவ்வினாவிற்கு உயிர்விலையும் கொடுக்கப்பட்டுள்ளது. 2025 ஜனவரியில், திருமயம் வட்டாரத்தில் முறைகேடாகக் கல் எடுக்கப்படுகின்றதென்று அதிகாரிகளிடம் முறையிட்டு வந்த ஒருவர் லாரியால் மோதிக் கொல்லப்பட்டார். அது கொலை வழக்காகப் பதியப்பட்டது. அவர் சைவரல்லர், இசுலாமியர். சைவர் வணங்கும் குன்றுகள் நிறைந்த நாட்டிற் கல்லின்பொருட்டு உயிர் கொடுத்தவர் பிறசமயத்தவர் என்னும்போது, அக்குன்றுகளையே பாடித் தொழுவார் வாளாவிருத்தல் எத்துணைத் தாழ்வு!

இவ்விடத்தில் ஒரு கசப்பான உண்மையையும் மறைத்தலாகாது. குன்றுடைத்து வந்த பொருளிற் சிறுபகுதி திருப்பணி நன்கொடையாகக் கோயில்களுக்கு வருகின்றது. வாயிலிற் பெயர்க்கல் பதிக்கப்படுகின்றது. குடமுழுக்கு மேடையில் மாலை சூட்டப்படுகின்றது. ஒரு குன்றைத் தகர்த்த பொருளால் மற்றொரு குன்றின் கோயிலுக்குக் கலசநீர் ஊற்றுவது சிவபுண்ணியமாகுமா? இந்நாட்டுக் கொடும்பாளூரில் அரசு புரிந்த இடங்கழி நாயனார் வரலாற்றைச் சைவர் அறிவர். அடியார்க்கு அமுதளித்தற்கு அரண்மனைப் பண்டாரத்தில் நெல் கவர்ந்தார் ஒருவரைக் கண்டு, அவர் காரணம் உணர்ந்து, தம் பண்டாரத்தையே அடியார் கொள்ளைகொள்ளப் பறையறைவித்தார் அவர். அவர் வழங்கியது தம்முடையது. ஊருக்கும் வருங்காலத்துக்கும் உரிய குன்றை விற்று அதிற் கையளவை ஈவார்க்கு அவர் வரிசையில் இடமில்லை. இத்தகைய பொருளை மறுத்தற்கு வேண்டிய வலிமை இல்லாத திருப்பணிக் குழு, தான் காக்கும் கோயிலின் பொருளை அறியாத குழுவே.

“எதிர்த்துப் பேசிப் பயன் யாது? பெரியோர் கைப்பொருளும் அரசின் ஏலமும் எளியோர் சொல்லாற் றடைப்படுமா?” என்பது சோர்வுடையார் இறுதிப் புகல். தடைப்பட்டுள்ளது. ஒடிசாவில் நியமகிரி மலையைத் தம் தெய்வமாகிய நியமராசனின் இருப்பிடமெனப் போற்றும் தோங்ரியா கோந்த் மக்கள் ஆண்டு அலுமினியத் தாது எடுத்தலை எதிர்த்தனர். 2013 ஏப்ரலில் உச்சநீதிமன்றம் அவர்தம் வழிபாட்டுரிமையையும் கருதிக் கிராமசபைகளே முடிவு செய்யுமாறு தீர்ப்பளித்தது, கூடிய 12 கிராமசபைகளும் ஒருமுகமாக மறுத்தன, சுரங்கம் நின்றது. மதுரை மாவட்டத்து அரிட்டாபட்டிக் குன்றில் சிவபெருமான் குடைவரையும் சமணப் படுக்கைகளும் உள்ளன. 2022-இல் அது பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது. 2024 நவம்பரில் அப்பகுதியும் உள்ளிட்ட இடத்திற்கு டங்ஸ்டன் சுரங்க ஏலம் முடிவாயிற்று. ஊர்மக்கள் திரண்டனர், டிசம்பரிற் சட்டமன்றம் எதிர்த்துத் தீர்மானம் இயற்றியது, 2025 ஜனவரி 23-இல் மத்திய அரசு அவ்வேலத்தைக் கைவிட்டது. அம்மக்கள் சித்தாந்த சாத்திரம் கற்றவரல்லர். தம் குன்று தம் குன்றென்று உறுதியாகச் சொல்லியவர். கற்றவர்க்கு அவ்வுறுதி குறையலாமா?

ஆதலின், புதுக்கோட்டை நாட்டுச் சைவ சபைகளும் திருக்கோயிற் குழுக்களும் ஆதீன அடியார்களும் செய்யற்பாலன சில உள. தத்தம் வட்டத்திலுள்ள ஒவ்வொரு குன்றின் பெயரும், நில அளவை எண்ணும், அதன்கண் உள்ள குடைவரையும் கல்வெட்டும் சுனையும், அதன் நீர் சென்று சேரும் குளமும் எழுதிப் பதிவு செய்க. பூசையற்றுக் கிடக்கும் குடைவரைகளில் திங்கள்தோறும் ஒருநாளேனும் விளக்கேற்றித் திருமுறை ஓதுக. ஆளற்ற குன்றே முதலில் ஏலத்திற்கு வருவது. கோயிலை மட்டும் வலம்வருவதோடு அமையாது ஆண்டுக்கு ஒருமுறையேனும் குன்று முழுதும் வலஞ்செய்க. அவ்வாறு நடப்பார் கண்ணுக்கு மறுபக்கத்து வெட்டு மறையாது. குவாரி உரிமத்திற்குக் கருத்துக் கேட்புக் கூட்டம் நிகழுமாயின் சென்று, அஞ்சாது, சான்று காட்டிப் பேசுக. கிராமசபையிற் றீர்மானம் இயற்றுக. தகாத பொருளை உண்டியலிற் புகவிடாதொழிக.

சமயத்திற்குப் பெருமை தேடி உலகின் உயர்ந்த மலைகளை எண்ணிக் காட்டவேண்டுவதில்லை. இமயம் தன்னைக் காத்துக்கொள்ளும். ஆண்டீஸ் தொடருக்குத் தமிழ்ச் சைவரின் துணை வேண்டா. பட்டியலில் இடம்பெறாத இச்சிறு குன்றுகளுக்கே காவலர் வேண்டும். முத்தரையரும் இருக்குவேளிரும் பல்லவரும் சோழரும் உளிகொண்டு திறந்த கதவுகளை வெடிகொண்டு அடைத்தல் சிவாபராதம். அதனைச் செய்வாரும், செய்வித்துப் பொருள்கொள்வாரும், கண்டும் காணாதார்போல் அக்குன்றின் அடியில் நின்று தேவாரம் பாடுவாரும் அவ்வபராதத்தில் தத்தமக்குரிய பங்கினின்றும் தப்பார் என்பதே சைவத் துணிபு.